இருநூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்து வீடு

புதிதாக நூலக வேலைக்கு வந்திருக்கும் உங்களுக்கு ஏதாவது எழுதித் தரும்படி கேட்டிருந்தீர்கள். பகுப்பிலக்கம் போடுவது, தூசு தட்டுவது, கறையானுக்கு மருந்து வைப்பது எல்லாம் பயிற்சியில் சொல்லித் தந்திருப்பார்கள். கறையான் அந்தப் பயிற்சிக்கு வருவதில்லை என்பதைப் போகப் போக நீங்களே அறிவீர்கள். ஆகவே அவற்றை விட்டுவிடுகிறேன். முப்பத்தொரு வருட வேலையில் நான் விட்ட பிழைகளில் மிகப் பெரியதை மட்டும் எழுதுகிறேன். மற்றப் பிழைகளை என்னோடு வேலை செய்தவர்கள் ஏற்கெனவே உங்களுக்குச் சொல்லியிருப்பார்கள்.

யாழ்ப்பாணத்துக் கொக்குவில் பக்கத்தில் ஒரு சிறிய பொது நூலகத்துக்கு நான் பொறுப்பாக இருந்த காலம் அது. ஒரு நாள் காலையில் கப்பலில் வந்த ஏழு பெட்டிகளை ஒரு லொறி வாசலில் இறக்கிவிட்டுப் போனது. அமெரிக்காவில் நெடுங்காலம் கட்டடப் படம் வரையும் வேலை செய்த எங்கள் ஊர்க்காரர் ஒருவர் அங்கேயே காலமாகிவிட, அவர் சேர்த்து வைத்த புத்தகங்களை அவருடைய மனைவி எங்களுக்கு அனுப்பியிருந்தார். அத்தனையும் கட்டடக்கலை வரலாறு. அமெரிக்க நகரங்கள் எப்படி வளர்ந்தன என்ற வரலாறு. ஒரு சதுப்பு நிலம் எப்படிப் பட்டினமானது, ரயில் வந்ததும் தெருக்கள் எந்தப் பக்கம் திரும்பின, மாடிகள் ஏன் உயர்ந்தன, ஏழைகள் எந்த ஆற்றங்கரைக்குத் தள்ளப்பட்டார்கள் என்றெல்லாம் பெரிய பெரிய படங்களோடு இருந்தன. ஒவ்வொன்றும் அம்மிக்கல் நிறை. இறக்கிய இரண்டு பேரும் அன்று முழுக்க இடுப்பைப் பிடித்துக்கொண்டு திரிந்தார்கள்.

நூலகத்தைப் பார்வையிட வந்த ஓர் அதிகாரி பெட்டிகளைச் சுற்றி இரண்டு தரம் நடந்தார்.

“மிஸ், அமெரிக்கா எப்பிடி வளந்ததெண்டு எங்கடை ஆக்கள் ஏன் படிக்க வேணும்?”

“எங்கடை தெரு ஒழுங்கையள் ஏன் வளரேல்லை எண்டு விளங்குமெல்லோ சேர்” என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. குறிப்புப் புத்தகத்தில் ஏதோ எழுதினார். என்ன எழுதினார் என்பது எனக்கு இன்றுவரை தெரியாது. என் பதவி உயர்வு பிந்தியதற்கு வேறு காரணங்களும் இருந்திருக்கலாம்.

அந்தப் புத்தகங்களை முதல் மூன்று மாதம் ஒருவரும் தொடவில்லை. அப்போது இங்கே எந்தப் பக்கம் பார்த்தாலும் வீடு கட்டிக்கொண்டிருந்தார்கள். வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைகள் பணம் அனுப்பினார்கள், ஊரில் இருக்கும் தகப்பன்மார் கட்டினார்கள். வீட்டின் உள்பக்கத்தைப் பற்றி யாருக்கும் சந்தேகம் இருக்கவில்லை. முன்னால் விறாந்தை, நடுவில் ஹோல், ஒரு பக்கம் சாமியறை, பின்னால் குசினி. மூளையைப் போட்டுக் குழப்பியதெல்லாம் முகப்புக்குத்தான். அது அடுத்த வளவுக்காரரிடம் இல்லாத முகப்பாக இருக்க வேண்டும். மேசன்மாரிடம் இருந்த படங்களெல்லாம் தீர்ந்துபோய், ஒரே ஒழுங்கையில் ஒரே முகப்பு இரண்டு தரம் வந்து, அண்ணன் தம்பி கதைக்காமல் விட்ட கதையும் உண்டு.

பத்திரிகை பார்க்க வந்த ஒரு மேசன் அந்தப் பெட்டிப் புத்தகமொன்றைத் தற்செயலாகத் திறந்தார். அதன்பிறகு அந்த மூலையில் இடம் கிடைக்கவில்லை. மேசன்மார் வந்தார்கள், வீடு கட்டுபவர்கள் வந்தார்கள், வீடு கட்டுபவர்களின் மைத்துனர்மார் வந்தார்கள். ஒருவரும் ஒரு சொல்லும் வாசிக்கவில்லை. முகப்புகளைப் பார்த்தார்கள். பிடித்த படத்தை நான் போட்டோக்கொப்பி எடுத்துக் கொடுத்தேன். எனக்கோ தலைகால் தெரியாத சந்தோஷம். மாத அறிக்கையில் “கட்டடக்கலை வரலாற்றில் வாசகர் ஆர்வம் அதிகரித்துள்ளது” என்று எழுதினேன். அதில் பொய்யென்று ஒன்றும் இல்லை. உண்மையென்றும் அதிகம் இல்லை.

அப்படித்தான் தம்பிராசா அண்ணை வந்தார். சண்டிலிப்பாய்த் தோட்டங்களின் மரக்கறியைக் கொடிகாமம் சந்தைக்கு ஏற்றும் லொறி அவருடையது. மனைவி காலமாகிப் பல வருடம். ஒரே மகள் வதனி, பாடசாலையில் விஞ்ஞானம் படிப்பிப்பவள். அவளுக்குச் சண்டிலிப்பாயில் ஒரு நல்ல இடத்துச் சம்பந்தம் கதைத்து முற்றாகியிருந்தது. எங்கள் வழக்கப்படி மகளுக்குச் சீதனமாக வீடு எழுதிக் கொடுக்க வேண்டும். அவர் தகரக் கூரையின் கீழ் இருந்துகொண்டு, லொறி ஓட்டிய காலம் முழுவதையும் அந்த ஒரு வீட்டுக்காகவே ஓட்டியவர்.

அவர் ஒரு புத்தகத்தை எடுத்து மெதுவாகத் தாள் புரட்டினார். இருநூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில் நின்றுவிட்டார். நான்கு உயரமான தூண்கள், மேலே முக்கோண முகப்பு, அகலமான படிகள், நடுவே பெரிய இரட்டைக் கதவு. இரண்டு பக்கமும் மரங்கள். படத்தில் ஒரு மனிதரும் இல்லை.

“வடிவான வீடு மிஸ்” என்றார். “பாக்கவே ஒரு அமைதியாக் கிடக்கு.”

அந்த மதிப்பீட்டில் அவர் ஒரு பிழையும் விடவில்லை.

பிழை விட்டது நான். படம் இடப்பக்கத்தில் இருந்தது. அது என்ன கட்டடம் என்ற விளக்கம் வலப்பக்கத்தின் அடியில் பொடி எழுத்தில் இருந்தது. நான் இடப்பக்கத்தை மட்டும் கொப்பி எடுத்தேன். இன்னும் பட்டியலாக்கம் செய்யாத புத்தகத்தை வாசகர் கையில் கொடுக்கக் கூடாது என்று ஒரு விதி இருக்கிறது. எனக்கு அது நன்றாகத் தெரியும். பயிற்சி வகுப்பில் அந்த விதியைச் சொல்லிக் கொடுத்தது நான்தான்.

வீடு எழும்பத் தொடங்கியது. நான் வேலைக்குப் போகும் ஒழுங்கை என்பதால் ஒவ்வொரு நாளும் சைக்கிளை நிறுத்திப் பார்ப்பேன். மேசன் அந்தக் கொப்பியைப் பிளாஸ்ரிக் உறையில் போட்டுச் சுவரில் ஆணி அடித்து மாட்டியிருந்தார். ஒரு நாள் அவருக்கும் தம்பிராசா அண்ணைக்கும் நடந்த பேச்சைக் கேட்டேன்.

“அண்ணை, முன்பக்கத்துக்கு ஒரு யன்னலும் இல்லையோ?”

“படத்திலை இருக்கோ?”

“இல்லை.”

“அப்ப இல்லை.”

“காத்து வராதண்ணை.”

“அமெரிக்காக்காரனுக்குத் தெரியாததோ உமக்குத் தெரியும்?”

மேசன் என்னைப் பார்த்தார். நான் நூலகர். நானும் அமெரிக்காவின் பக்கம்தான் நின்றேன். அது எங்கள் நூலகத்திலிருந்து வந்த முகப்பு என்று சந்தித்தவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்ததை இப்போது நினைத்தாலும் உடம்பு கூசுகிறது.

கூரை போட்டு முடிந்த பிறகுதான் அந்தப் புத்தகம் பட்டியலாக்கத்துக்கு என் மேசைக்கு வந்தது. பொருள் தலைப்பு எழுதுவதற்காக அத்தியாயம் அத்தியாயமாகப் பார்த்துக்கொண்டு போனேன். இருநூற்றுப் பதின்மூன்றாம் பக்கத்தின் அடியில் இருந்ததை முதல் தரம் வாசித்தேன். விளங்கியது. விளங்காமல் இருக்கட்டும் என்று இரண்டாம் தரமும் வாசித்தேன். நகரத்துக்கு வெளியே அமைத்த ஒரு பெரிய இடுகாட்டின் பிரேத மண்டபம் அது. பனிக்காலத்தில் நிலம் கல்லாக உறைந்து குழி வெட்ட முடியாத மாதங்களில், இறந்தவர்களை வைத்திருப்பதற்காகக் கட்டியது.

அந்த அத்தியாயத்தையும் வாசித்தேன். நகரங்கள் வளர வளர, நடு ஊரில் இருந்த இடுகாடுகளுக்கு இடம் போதாமல் வெளியே கொண்டுபோயிருக்கிறார்கள். கொண்டுபோன இடத்தில் மரம் நட்டு, குளம் வெட்டி, அழகான கட்டடங்களும் கட்ட, உயிரோடிருந்தவர்கள் சாப்பாடு கட்டிக்கொண்டு அங்கே பொழுதுபோக்கப் போயிருக்கிறார்கள். அதைப் பார்த்துத்தான் பிறகு நகரத்துக்குள் பூங்காக்கள் அமைத்தார்களாம். நல்ல அத்தியாயம். வேறொரு நாளில் வாசித்திருந்தால் ரசித்திருப்பேன்.

நான் செய்த முதல் காரியம், புத்தகத்தை அலுமாரியில் வைத்துப் பூட்டியது. ஐந்து வாரம் அது அங்கே கிடந்தது. தம்பிராசா அண்ணையின் வாசலைத் தவிர்க்க, சைக்கிளில் கோயில் வீதியைச் சுற்றிப் போனேன். எனக்கு வெட்கமாக இருந்தது. அதைவிடப் பயமாக இருந்தது. குடிபுகும் வீட்டில் ஒரு பல்லி பிழையாகச் சொன்னாலே நாலு நாள் யோசிக்கிற ஊர் இது. பிணம் கிடத்திய மண்டபத்தின் முகப்பில் மகளைக் குடிவைக்கப் போகிறார் ஒரு மனிதர், அதைக் கொப்பி எடுத்துக் கொடுத்தது நான். இந்தச் செய்தி மாப்பிள்ளை வீட்டுக்குப் போனால் என்ன நடக்கும் என்று யோசிக்க எனக்குப் பட்டியலாக்கப் பயிற்சி தேவைப்படவில்லை. யாருக்குத் தெரியப் போகிறது என்று என்னை நானே தேற்றிக்கொண்டேன்.

ஆறாம் வாரம் வதனி வந்தாள்.

“மிஸ், எங்கடை வீட்டுப் படம் இருக்கிற புத்தகம் வேணும். மாப்பிள்ளையின்ரை தமையன் அமெரிக்காவிலை இருக்கிறாரெல்லோ, ஃபோனிலை வீட்டுப் படத்தை அனுப்பினனாங்கள். உதை எங்கையோ கண்ட மாதிரிக் கிடக்கு, எந்த ஊர்க் கட்டடமெண்டு பாத்துச் சொல்லுங்கோ எண்டவர்.”

“புத்தகம் பைண்டிங்குக்குப் போயிருக்கு பிள்ளை. நாளைக்கு வா” என்றேன். பைண்டிங்குக்குப் போன புத்தகம் மறுநாளே திரும்பி வந்த சம்பவம் எங்கள் மாகாணத்தில் அதற்கு முன்னும் நடந்ததில்லை, பின்னும் நடந்ததில்லை. பொய் சொல்லப் பழகாதவர்கள் இப்படித்தான் மாட்டிக்கொள்வார்கள்.

அவள் போன பிறகு செய்ததை உங்களுக்குச் சொல்லத்தான் வேண்டும். நூலக முத்திரையைப் புத்தகத்தின் தலைப்புப் பக்கத்திலும், யாரும் கவனிக்காத இன்னொரு பக்கத்திலும் குத்துவது எங்கள் வழக்கம். அந்த இரண்டாவது பக்கத்துக்கு இரகசியப் பக்கம் என்று பெயர். தலைப்புப் பக்கத்தைக் கிழித்துக்கொண்டு போகும் கள்வர்களுக்காக அது. எங்கள் நூலகத்தின் இரகசியப் பக்கம் ஐம்பத்தொன்று. நான் மை ஒற்றியை எடுத்து வைத்து, இருநூற்றுப் பதின்மூன்றாம் பக்கத்தின் அடியில் அந்தப் பொடி எழுத்துகளுக்கு மேல், நன்றாக அழுத்தி, ஒன்றன்மேல் ஒன்றாக மூன்று முத்திரை குத்தினேன். கண்ணை மூடிக்கொண்டு குத்தியிருந்தால்கூட ஒரு சமாதானம் சொல்லலாம். நான் கண்ணாடி போட்டுக்கொண்டு, கோடு பார்த்துக் குத்தினேன்.

குத்தி முடிந்ததும் எனக்கு வேலை பழக்கியவருக்குத் தொலைபேசி எடுத்தேன். அவர் ஓய்வுபெற்று வீட்டில் இருந்தார். எல்லாவற்றையும் சொன்னேன்.

“மை காய்ஞ்சிட்டுதோ?” என்று கேட்டார்.

“ஓம் சேர்.”

“அப்ப இனி அதைத் துடைக்கேலாது. வாயாலைதான் சொல்ல வேணும்.”

“சொன்னால் ஒரு பிள்ளையின்ரை கலியாணம் குழம்பும் சேர்.”

“புத்தகத்திலை பொய் இருந்தால் எழுதினவன்ரை பிழை. முத்திரையிலை பொய் இருந்தால் அது எங்கடை பிழை. வேறை ஏதும் இருக்கோ கதைக்க?”

வேறு ஒன்றும் இருக்கவில்லை.

இவ்வளவும் கேட்ட பிறகு நான் திருந்திவிட்டேன் என்று நினைக்காதீர்கள். இரவல் கொடுக்கும் மேசைக்குப் பின்னால் இருபது வருடம் இருந்தவளுக்கு, அதற்குப் பின்னால் ஒளிந்துகொள்ளவும் தெரியும். அடுத்த நாள் வதனி வந்ததும் ஒரு சொல்லும் சொல்லாமல் புத்தகத்தை நீட்டினேன். அவள் அங்கேயே நின்று பக்கத்தைத் திறந்தாள்.

“மிஸ், இதிலை மூண்டு முத்திரை குத்தியிருக்கு.”

“ஓம்.”

“முதல் பக்கத்திலை ஒண்டுதான் கிடக்கு.”

“ஓம்.”

“இதுக்குக் கீழை என்ன எழுதியிருந்தது?”

என்னிடம் தயாராக மூன்று பதில்கள் இருந்தன. அவளுடைய முகத்தைப் பார்த்தபோது மூன்றும் மறந்துபோயின. உள்ளதைச் சொன்னேன். அவள் பத்திரிகை மேசைக் கதிரையில் இருந்தாள். அழவில்லை. முத்திரையை விரலால் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“சவம் வைச்ச இடமெண்டது கூடப் பரவாயில்லை மிஸ். நீங்கள் அதை மறைக்க வெளிக்கிட்டதுதான் எனக்குப் பயமாக் கிடக்கு. ஒரு பேப்பரிலை கிடக்கிறதை உங்களுக்கே பாக்கேலாமல் இருந்தால், நான் அந்த வீட்டிலை எப்பிடி இருக்கிறது?”

என் பிழையை விட நான் அதை மறைத்த விதம்தான் அவளைக் கூடுதலாகப் பயப்படுத்தியிருந்தது. நான் இந்தக் கதையை உங்களுக்கு எழுதுவது இந்த ஓரிடத்துக்காகத்தான். வாசகரிடம் போக வேண்டிய ஒன்றை நீங்கள் மறைத்தால், அது என்னவாக இருந்தாலும் பேயாகிவிடும்.

“அப்பாவுக்கு நான் சொல்லமாட்டன்” என்றாள் எழும்பி. “நீங்கள் குடுத்த படம். நீங்களே வந்து சொல்லுங்கோ.”

அன்றைக்கே போனேன். தம்பிராசா அண்ணை முன்படிகளுக்குக் குழாயால் தண்ணீர் அடித்துக்கொண்டிருந்தார். மேசன் தூணுக்குப் பூச்சு வேலை செய்துகொண்டிருந்தார். நான் சைக்கிளில் ஒரு கையை வைத்துக்கொண்டே சொன்னேன். நடுவில் நிறுத்தினால் திரும்பத் தொடங்க மாட்டேன் என்று தெரிந்ததால் ஒரே மூச்சில் சொன்னேன். அவர் குழாயை மூடவில்லை. தண்ணீர் ஒரே படியில் விழுந்துகொண்டிருந்தது.

“எவ்வளவு காலம் வைச்சிருப்பினம்?” என்று கேட்டார்.

“பனி கரையுமட்டும். மூண்டு நாலு மாசம்.”

“செத்த ஆக்களுக்கு இவ்வளவு பெரிய வீடோ?”

“ஓம் அண்ணை.”

“அப்ப உயிரோடை இருந்த ஆக்கள் எங்கை இருந்தவை?”

“கனபேர் ஒரு அறைக்குள்ளை ஏழெட்டுப் பேராய் இருந்தவை. அது ஏழாம் அத்தியாயம்.”

மேசன் தூணிலிருந்து திரும்பினார். “இப்பதான் யன்னல் இல்லாததுக்குக் காரணம் விளங்குது” என்றார். அவர் பகிடி விடவில்லை. ஆறு மாதமாக அவரை உறுத்திக்கொண்டிருந்த ஒரு தொழில்நுட்பச் சந்தேகம் அன்று தீர்ந்தது.

தம்பிராசா அண்ணை குழாயைப் பூட்டிவிட்டு ஈரப் படியிலேயே இருந்தார். முகம் கறுத்துவிட்டது. என்னைத் திட்டுவார் என்று பார்த்தேன். திட்டியிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும்.

“தாயில்லாப் பிள்ளை மிஸ்” என்றார். “ஒரு குறையும் சொல்லேலாத வீடாக் குடுக்க வேணுமெண்டு நினைச்சன்.” பிறகு மேசனிடம், “முன்பக்கத்தை இடிக்க எத்தினை நாள் செல்லும்?” என்று கேட்டார்.

“கட்டினதிலும் கூடச் செல்லும் அண்ணை. நல்லாக் கட்டிப்போட்டன்” என்றார் மேசன். அவருடைய குரலில் உண்மையான கவலை இருந்தது.

கடைசியில் தம்பிராசா அண்ணை எழும்பிக் கட்டியிருந்த சாரத்தின் ஈரத்தைத் தட்டினார். “மறைச்சு எழுதிக் குடுக்கமாட்டன். மாப்பிள்ளையின்ரை தாயைக் கூட்டிக்கொண்டு வாறன். அவவுக்கு முன்னாலை புத்தகத்தை வைச்சு உள்ளதைச் சொல்லுங்கோ. அவ வேண்டாமெண்டால் வேண்டாம். வீடும் போகட்டும், சம்பந்தமும் போகட்டும்.”

போகட்டும் என்று சொன்னாரே தவிர, அவருடைய கை தூணைப் பிடித்தபடியே இருந்தது.

சனிக்கிழமை காலை மூன்று பேரும் வந்தார்கள். மாப்பிள்ளையின் தாயை அன்றுதான் கண்டேன். சண்டிலிப்பாயில் புகையிலைத் தோட்டம் செய்து, புருஷன் இல்லாமல் இரண்டு ஆண்பிள்ளைகளைப் படிப்பித்து, ஒருவனை அமெரிக்காவுக்கும் ஒருவனைக் கொழும்புக்கும் அனுப்பியவர். நூற்சேலை, நெற்றி நிறைய விபூதி. கதிரையை இழுத்துப் போட்டு, சந்தையில் மரக்கறி பார்க்க வந்தவரைப் போல என்னைப் பார்த்தார். வதனி அலுமாரிப் பக்கம் நின்றாள். தம்பிராசா அண்ணையும் கதிரையில் இருக்க மாட்டேன் என்று சுவரோடு நின்றார்.

நான் பிரேத மண்டபத்தைப் பற்றி முழுவதும் சொன்னேன். முத்திரை குத்தியதையும் சொன்னேன். அந்த அம்மா கையை நீட்டினார்.

“புத்தகத்தைத் தா பிள்ளை” என்றார்.

இந்தத் தரம் நான் ஒரு பக்கத்தைக் கொடுக்கவில்லை. அந்தப் புத்தகத்தையும் அதனோடு வந்த மற்றவற்றையும் மேசை நிறைய அடுக்கி வைத்தேன். அவருக்கு ஆங்கிலம் வாசிக்கத் தெரியாது. தூண் வைத்த முகப்பு வரும் இடங்களில் விரலை வைத்தார். நான் விளக்கத்தை வாசித்துத் தமிழில் சொன்னேன்.

“இது என்ன?”

“வங்கி.”

“இது?”

“நீதிமன்றம்.”

“இது?”

“பள்ளிக்கூடம். அடுத்தது தேவாலயம்.”

“எல்லாத்துக்கும் ஒரே முகமாக் கிடக்கு.”

“ஓம் அம்மா. அந்த நகரங்கள் வளந்து வந்த நேரம், மதிப்பா இருக்க வேணுமெண்டு நினைச்ச எல்லாரும் பழைய கிரேக்கரின்ரை கோயிலைப் பாத்து இப்பிடிக் கட்டினவை.”

“அப்ப எங்கடை ஆக்களைப் போலத்தான்” என்றார்.

இன்னும் சில தாள்கள் புரட்டியதும் அவருடைய விரல் ஒரு படத்தில் நின்றது. தம்பிராசா அண்ணை சுவரை விட்டு ஓரடி முன்னால் வந்தார். ஏனென்றால் அது அவருடைய வீடேதான். அதே நான்கு தூண்கள், அதே முக்கோணம், அதே படிகள். பிரேத மண்டபத்தைவிட இதுதான் அவருடைய வீட்டுக்குக் கிட்ட இருந்தது. விறாந்தையில் சாய்கதிரைகூட இருந்தது.

“இது?”

நான் விளக்கத்தை முதலில் மனதுக்குள் வாசித்தேன். இரண்டு வசனங்கள். முதலாவது, பெரும் பருத்தித் தோட்டச் சொந்தக்காரர் ஒருவரின் குடும்பம் மூன்று தலைமுறை வாழ்ந்த வீடு. இரண்டாவது, அந்த வீட்டைக் கட்டியவர்கள் அவருடைய அடிமைகள், அவர்கள் முன்வாசலால் வர அனுமதி இருக்கவில்லை.

எனக்கு முன்னால் மூன்று பேர் காத்திருந்தார்கள். முதல் வசனத்தோடு நிறுத்தினால் அவ்விடத்திலேயே எல்லாம் முடிந்தது. அது வீடுதான். பணக்காரர் வாழ்ந்த, பிள்ளை பெற்ற, மூன்று தலைமுறை தழைத்த வீடு. எல்லோரும் தேத்தண்ணி குடித்துவிட்டு நாள் பார்க்கப் போகலாம். இந்தத் தரம் முத்திரையும் தேவையில்லை, மையும் தேவையில்லை, வாயை மூடினால் போதும். தம்பிராசா அண்ணையின் கண்கள் என் வாயிலேயே இருந்தன. அவருக்கு நான் பட்ட கடனைத் தீர்க்க இதைவிட நல்ல சந்தர்ப்பம் வராது என்றும் எனக்குத் தெரிந்தது. வதனியைப் பார்த்தேன். அவள் என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

இரண்டு வசனங்களையும் சொன்னேன்.

அந்த அம்மா படத்தைத் தன் பக்கம் திருப்பினார். பிறகு, “பின்பக்கத்துப் படம் இருக்கோ?” என்று கேட்டார்.

தேடினேன். அந்தப் புத்தகத்தில் இல்லை. மற்றவற்றிலும் இல்லை. “இல்லையம்மா. முன்பக்கத்தைத்தான் படம் எடுப்பினம்.”

“இவ்வளவு புத்தகத்திலையும் ஒரு பின்பக்கமும் இல்லையோ?”

“இல்லை.”

அவர் தலையை ஆட்டினார். “என்ரை அம்மா ஒரு கல்வீட்டுக்கு மா இடிக்கப் போறவ. கலியாணம் முடிக்க முந்தித் தொடங்கி, கண் தெரியாமல் போகுமட்டும் போனவ. நாங்கள் பிள்ளையள், அந்த வீடு எப்பிடியம்மா எண்டு கேப்பம். அவவுக்குச் சொல்லத் தெரியாது. வீட்டுக்குப் பின்னாலை, கோடிப் பக்கத்தாலை போய்க் கோடிப் பக்கத்தாலை வந்தவ. அந்த வீட்டின்ரை முன்பக்கம் எப்பிடியெண்டு சாகுமட்டும் அவவுக்குத் தெரியாது.”

அவர் தானாகவே தாள்களைப் பின்னால் புரட்டி, மூன்று முத்திரை குத்திய பக்கத்துக்கு வந்தார்.

“செத்த ஆக்களை இதுக்குள்ளை எந்தப் பக்கத்தாலை கொண்டு போனவை?”

“முன்னாலைதான் அம்மா. அந்தக் கதவாலைதான்.”

“எல்லாரையுமோ?”

“எல்லாரையும். வேறை கதவு இருந்ததா எழுதேல்லை.”

அவர் புத்தகத்தை மூடினார். மூடிய அட்டையின்மேல் உள்ளங்கையை வைத்துக்கொண்டு, “அப்ப இது நல்ல வீடு” என்றார். “தம்பி, இடிக்கிற கதை கதையாதையும். கலியாணத்துக்கு நாளைப் பாரும்.”

தம்பிராசா அண்ணை பக்கத்துக் கதிரையில் தொப்பென்று இருந்து, சால்வையால் முகத்தைப் பொத்திக்கொண்டு பெரிய சத்தமாக அழுதார். அவருடைய தலைக்கு நேர் மேலே சுவரில், அமைதி காக்கவும் என்ற பலகை தொங்கிக்கொண்டிருந்தது. பத்திரிகை வாசித்துக்கொண்டிருந்த ஒருவர் பலகையையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். நான் அவரைப் பத்திரிகையைப் பார்க்கச் சொன்னேன்.